குறிபார்க்கும் ஆட்டம்



சென்ற ஜனவரி மாதத்தில் ஒரு மாலைப்பொழுது. ஹட்டனுக்கு அப்பால் உள்ள தோட்டமொன்றில் வாழும் என் தங்கை மகளின் வீட்டுக்குச் சென்றிருந்தேன். மலையில் மூடுபனி இறங்கிக்கொண்டிருந்தது. கொழுந்து நிறுத்துக் கொடுத்துவிட்டுப் பெண்கள் லயத்துக்குத் திரும்பிக்கொண்டிருந்தார்கள். வீட்டு இஸ்தோப்பில் ஒரு சாக்கை விரித்து, அதன்மேல் குப்புறப் படுத்திருந்தான் அவளுடைய மகன். வயது பதினாறு. இவ்வாண்டு சாதாரண தரப் பரீட்சைக்குத் தோற்ற இருப்பவன். அவன் கையில் ஒரு கைப்பேசி. நான் படியேறி வந்ததை அவன் கண்டான், ஆனால் எழுந்திருக்கவில்லை. "ஒரு நிமிஷம் தாத்தா" என்றான், தலையைத் திருப்பாமலே.

அந்த ஒரு நிமிடம் நான்கு நிமிடங்களாயிற்று. இத்தனை நேரமும் அவன் அசையவே இல்லை. மூச்சைக்கூட மெதுவாக விட்டான். கொக்கு மீனுக்காகக் காத்திருக்குமாமே, அப்படிக் காத்திருந்தான். பின்னர் அவன் பெருவிரல் ஒரே ஒரு தடவை அசைந்தது. அதன் பிறகுதான் எழுந்து வந்து, "மன்னிச்சிருங்க தாத்தா. இது ஸ்னைப்பர் ஆட்டம். ஞாயிற்றுக்கிழமை ராத்திரியோட முடிஞ்சிரும்" என்று சொல்லி, என் பையை வாங்கி உள்ளே வைத்தான்.

அடுப்படியிலிருந்து அவனுடைய தாயின் குரல் வந்தது: "நல்லாக் கேளுங்க மாமா. புத்தகத்தை எடுத்தா அஞ்சு நிமிஷம் உட்கார முடியாது. இதை எடுத்தா கல்லாட்டம் கிடப்பான்."

தாயின் குற்றச்சாட்டிலும் உண்மை இருந்தது. பிள்ளையின் அசையாமையிலும் ஏதோ ஒன்று இருந்தது. அவ்விரண்டையும் எண்ணிப் பார்த்ததன் விளைவே இன்றைய பேச்சு.

இவ்வாட்டத்தைக் கண்டிராத முதியவர்களுக்காக முதலில் சில சொற்கள். கைப்பேசியிலும் கணினியிலும் ஆடப்படும் இந்த வகைக்கு 'பட்டில் ரோயல்' என்று பெயர். ஜப்பானிய எழுத்தாளர் கௌஷுன் தகாமி 1999இல் வெளியிட்ட நாவலின் பெயர் அது. பள்ளிப் பிள்ளைகளை ஒரு தீவில் விட்டு, ஒருவர் மட்டுமே எஞ்சும்வரை ஒருவரையொருவர் கொல்லச் செய்வதாக அமைந்த கதை. 2000ஆம் ஆண்டில் அது திரைப்படமாயிற்று. ஆட்டத்தின் அமைப்பும் ஏறக்குறைய அதுவே. ஒரு பெரிய தீவு. அதில் ஆகாயத்திலிருந்து குதித்து இறங்கும் நூறு பேர் வரை. அவர்களுள் பலர் உலகின் ஏதோவொரு மூலையில் இருக்கும் உண்மையான மனிதர்கள். வெறுங்கையோடு இறங்கி, வீடுகளில் கிடக்கும் ஆயுதங்களைப் பொறுக்கிக்கொள்கிறார்கள். பாதுகாப்பான எல்லை ஒரு வட்டமாகச் சுருங்கிக்கொண்டே வருகிறது. இறுதியில் எஞ்சுபவருக்கே வெற்றி. 2017ஆம் ஆண்டில் பப்ஜி, ஃபோர்ட்நைட் ஆகிய இரண்டு ஆட்டங்கள் இவ்வகையை உலகெங்கும் பரப்பின. மலிவான கைப்பேசியிலும் ஓடக்கூடிய ஃப்ரீ ஃபயரும் அவ்வாண்டில் வந்ததே.

இவ்வாட்டங்களை நடத்துவோர் இடையிடையே சில விசேட ஆட்டங்களைச் சில நாட்களுக்கு மட்டும் திறந்து வைப்பார்கள். அவற்றுள் ஒன்றுதான் ஸ்னைப்பர் ஆட்டம். ஃபோர்ட்நைட்டில் 'ஸ்னைப்பர் ஷூட்அவுட்' என்ற பெயரில் இத்தகைய ஆட்டமொன்று திறக்கப்பட்டது. ஓடியோடிச் சரமாரியாகச் சுடும் துப்பாக்கிகள் இதில் விலக்கப்படுகின்றன. தொலைவிலுள்ளவரைத் தொலைநோக்கி வழியே குறிபார்த்துச் சுடும் நெடுந்துப்பாக்கிகளே முதன்மை பெறுகின்றன. அதனால் ஆட்டத்தின் இயல்பே மாறிவிடுகிறது. அவசரக்காரன் தோற்கிறான், பொறுமைசாலி நின்றுபிடிக்கிறான்.

ஏன் என்று பேரனைக் கேட்டேன். ஒரு கரித்துண்டால் இஸ்தோப்புச் சிமெந்தில் கோடு கிழித்து எனக்கு விளக்கினான். குண்டு நேர்கோட்டில் போவதில்லையாம். போகப் போகத் தாழ்கிறதாம். அவன் சொன்னது சரியே. இரண்டாம் உலகப் போரில் செர்மானியப் படையினர் ஏந்திய கார் 98 என்ற துப்பாக்கி பப்ஜி ஆட்டத்திலும் உண்டு. அத்தகைய துப்பாக்கியின் குண்டு வினாடிக்கு 760 மீற்றர் வேகத்தில் புறப்படுகிறது என்று கொள்வோம். 400 மீற்றருக்கு அப்பால் நிற்கும் ஒருவரை அடைய அதற்கு அரை வினாடிக்குச் சற்று மேல் ஆகும். அரை வினாடியில் பூமியின் ஈர்ப்பு எந்தப் பொருளையும் ஏறக்குறைய 1.2 மீற்றர் கீழே இழுத்துவிடும். தலையைக் குறிபார்த்தால் குண்டு முழங்காலளவுக்கு இறங்கிவிடும் என்பது பொருள். ஆகவே தலைக்கு மேலே குறிவைக்க வேண்டும். எதிரி வினாடிக்கு ஆறு மீற்றர் வேகத்தில் ஓடுபவனாயின், அந்த அரை வினாடியில் மூன்று மீற்றர் நகர்ந்துவிடுவான். ஆகவே அவன் இருக்கும் இடத்தை விடுத்து, அவன் வரப்போகும் வெறும் இடத்தை நோக்கிச் சுட வேண்டும். ஒரு தடவை சுட்டபின் அடுத்த குண்டை ஏற்றச் சிறிது நேரம் பிடிக்கும். அதற்குள் வெடியோசை இருப்பிடத்தைக் காட்டிக்கொடுத்துவிடும். எனவே தவறவிட்டவன் உடனே இடம்மாற வேண்டும்.

நேயர்களே, நான் முப்பது ஆண்டுகள் பிள்ளைகளுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுத்தவன். தூரம், வேகம், நேரம் என்ற மூன்றையும் கரும்பலகையில் எழுதி எழுதிக் கை ஓய்ந்தவன். அந்த மூன்றும் இந்தப் பிள்ளையின் விரல்நுனியில் இருந்தன. அவன் கல்லாகக் கிடந்ததாகத் தாய் சொன்ன அந்த நான்கு நிமிடங்களும் அவன் மனம் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தது. இதை வீண்வேலை என்று ஒரே சொல்லில் தள்ளிவிடுவது நியாயமாகாது என்பதை முதலில் ஒப்புக்கொள்கிறேன்.

ஆனால் அவனிடம் நான் வேறொன்றைக் கேட்டேன். "ஸ்னைப்பர் என்றால் என்ன பொருள், தெரியுமா?" அவனுக்குத் தெரியவில்லை.

அது ஒரு பறவையிலிருந்து வந்த சொல். 'ஸ்னைப்' என்று ஆங்கிலேயர் அழைக்கும் பறவையை நாம் உள்ளான் என்போம். நீண்ட அலகும், காய்ந்த புல்லின் நிறமும் கொண்ட சிறு பறவை. அவற்றுள் ஊசிவால் உள்ளான் சைபீரியப் பகுதிகளில் முட்டையிட்டுக் குஞ்சு பொரித்துவிட்டு, குளிருக்கு அஞ்சி ஆண்டுதோறும் இலங்கைக்கு வருகிறது. இங்கு வயலோரங்களிலும் சதுப்பு நிலங்களிலும் தங்கிவிட்டு, வெயில் ஏறும் காலத்தில் திரும்பிப் போகிறது. காலடி பக்கத்தில் வரும்வரை அசையாது கிடக்கும். பின்னர் திடீரென எழுந்து இடமும் வலமுமாக வளைந்து வளைந்து பறக்கும். அதனால் அதைச் சுடுவது மிகக் கடினம். பதினெட்டாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இந்தியாவிலிருந்த ஆங்கிலப் படையினர், உள்ளான் சுடப் போவதைக் குறிக்க இச்சொல்லைப் பயன்படுத்தினார்கள். பின்னர் அது மறைந்திருந்து மனிதரைச் சுடுபவனுக்குப் பெயராயிற்று.

இதைக் கேட்டதும் பேரன் வியந்து சிரித்தான். "நாங்களும் அப்படித்தான் தாத்தா ஓடுவோம். ஸ்னைப்பர்கிட்ட மாட்டாம இருக்க வளைஞ்சு வளைஞ்சுதான் ஓடணும்" என்றான். பறவைக்கு இயற்கை கற்பித்த தந்திரத்தைப் பிள்ளை கைப்பேசியில் கற்றிருக்கிறான்.

நம் மலைநாட்டுக்கும் துப்பாக்கிக்கும் உள்ள உறவு மிகப் பழையது. நுவரெலியாவில் கோல்ஃப் மைதானத்தின் அருகே மேஜர் தோமஸ் வில்லியம் ரோஜர்ஸ் என்பவரின் கல்லறை இருக்கிறது. பதுளையில் உதவி அரசாங்க அதிபராக இருந்தவர். அவர் சுட்டு வீழ்த்திய யானைகள் 1,400க்கு மேல் என்று சொல்லப்படுகிறது. யானையைக் கொன்றவருக்கு அரசாங்கமே பரிசுப் பணம் தந்த காலம் அது. 1845ஆம் ஆண்டில் அப்புத்தளையில் இடி தாக்கி அவர் இறந்தார். அவருடைய கல்லறைமீதும் இடி விழுந்தது என்று மலைநாட்டில் இன்றும் சொல்வார்கள். சில ஆண்டுகள் கழித்து நுவரெலியாவில் குடியேறிய சாமுவேல் பேக்கர், தம் வேட்டை அனுபவங்களை நூலாகவே எழுதினார். அவர்களும் தூரத்தைக் கணித்தவர்களே, காற்றை அறிந்தவர்களே, பொறுமையுள்ளவர்களே. ஆனால் இன்று நுவரெலியா நகரைச் சூழ்ந்த மலைகளில் யானைக் கூட்டங்களைக் காண்கிறோமா? காடு அழிந்து கோப்பியும் தேயிலையும் வந்ததும் அதற்குக் காரணம். குறிதவறாத அந்தக் கைகளும் காரணம். திறமை தன்னளவில் நல்லதுமன்று, தீயதுமன்று. அது எதை நோக்கித் திருப்பப்படுகிறது என்பதே கேள்வி.

விலங்கோடு அது நின்றுவிடவுமில்லை. 1940 ஜனவரியில், ஹேவாஹெட்டைப் பகுதியிலுள்ள முல்லோயாத் தோட்டத்தில் சம்பள உயர்வு கேட்டுத் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தபோது, பொலிஸார் சுட்டதில் கோவிந்தன் என்ற தொழிலாளி உயிர்நீத்தார். 1977 மே மாதத்தில், தோட்டக் காணிகளைப் பிரித்துக் கொடுக்கும் முயற்சியை எதிர்த்து டெவன் தோட்டப் பகுதியில் மக்கள் திரண்டபோது, பொலிஸாரின் குண்டுக்கு சிவனு லெட்சுமணன் என்ற இளைஞர் பலியானார். ஹட்டனிலிருந்து தலவாக்கலைக்குப் போகும் வீதியில் டெவன் நீர்வீழ்ச்சியைப் பார்த்து நிற்கும் பிரயாணிகள் எத்தனையோ பேர். அந்தப் பெயரைக் கேட்டதும் நீர்வீழ்ச்சிக்கு முன் ஒரு மனிதனை நினைக்கும் முதியவர்களும் இம்மலைகளில் இருக்கிறார்கள். பின்னர் 2009 வரை இந்நாட்டில் நடந்த நெடிய போரில், ஸ்னைப்பர் என்ற சொல் வடக்கிலும் கிழக்கிலும் எந்த அச்சத்தோடு உச்சரிக்கப்பட்டது என்பதை நான் விரித்துரைக்க வேண்டியதில்லை. அந்தப் போர் முடிந்தபின் பிறந்த பிள்ளைகள்தாம் இன்று இந்த ஆட்டத்தை ஆடுகிறார்கள். வெடியோசையை விளையாட்டாக மட்டுமே கேட்டிருப்பது அவர்கள் பெற்ற பாக்கியம். அது நிலைக்க வேண்டும். ஆனால் அந்தப் பாக்கியம் அறியாமையாக முடிந்துவிடக் கூடாது.

அப்படியானால் இவ்வாட்டத்தைத் தடைசெய்துவிடலாமா? அயல்நாடாகிய இந்தியாவில் 2020இல் பப்ஜியின் கைப்பேசி ஆட்டத்தை அரசாங்கமே தடைசெய்தது. நாட்டுப் பாதுகாப்பையும் மக்களின் தகவற் பாதுகாப்பையும் அதற்குக் காரணமாகக் காட்டினார்கள். பிள்ளைகள் வேறு ஆட்டங்களுக்குப் போனார்கள். தடை ஒரு கதவை மூடும்; பிள்ளையின் மனத்துக்குள் புக அதற்கு வழியில்லை. வழி வேறு எங்கே இருக்கிறது என்று எண்ணியபோது, நம் தோட்டங்களில் ஆண்டுதோறும் நடைபெறும் காமன் கூத்து என் நினைவுக்கு வந்தது.

மாசி மாதத்தில் கம்பம் ஊன்றி, தப்பு முழங்க, நம் இளைஞர்கள் வேடம் பூண்டு ஆடும் கூத்து அது. அதுவும் சில நாட்களுக்கு மட்டும் நிகழும் ஆட்டமே. அதிலும் குறிபார்ப்பவன் ஒருவன் இருக்கிறான். தவத்தில் அமர்ந்திருக்கும் சிவனை நோக்கி மன்மதன் மலர்க்கணை தொடுக்கிறான். தொடுப்பது ஒரே கணை, குறி தவறவுமில்லை. ஆனால் கதை அங்கே முடிவதில்லை. நெற்றிக்கண் திறக்கிறது. எய்தவன் எரிந்து சாம்பலாகிறான். அதன்பின் இரதி வருகிறாள். இரதி அழும் இடம் வந்ததும், வேடமிட்டவர் யார் வீட்டுப் பிள்ளை என்று தெரிந்திருந்தும் பெண்கள் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொள்வதை நான் பல தடவை கண்டிருக்கிறேன். பின்னர் காமன் எழுப்பப்படுகிறான். ஆனால் அழுது தீர்த்த பிறகே எழுப்பப்படுகிறான்.

பேரனுடைய ஆட்டத்திலும் இறந்தவர் மீண்டும் எழுகிறார். அடுத்த ஆட்டம் தொடங்கியதும் ஆகாயத்திலிருந்து குதிக்கிறார். ஆயின் இடையில் அழுவதற்கு ஒருவருமில்லை. அந்த ஆட்டத்தில் இரதி இல்லை. நான் கண்ட குறை இது ஒன்றே. குறிபார்க்கக் கற்றுத்தருகிறது, காத்திருக்கக் கற்றுத்தருகிறது, தூரத்தைக் கணிக்கக் கற்றுத்தருகிறது. விழுந்தவனுக்கு ஒரு வீடு இருந்தது என்பதை மட்டும் அது சொல்வதில்லை. அதைச் சொல்ல வேண்டியது நம் பொறுப்பு. இயந்திரம் சொல்லாததை வீட்டுப் பெரியவர்கள் சொல்ல வேண்டும். இரதியின் இடத்தில் நாம் அமர வேண்டும்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். 'ஞாயிற்றுக்கிழமை ராத்திரியோட முடிஞ்சிரும்' என்றானே, அந்தச் சொல்லில் ஒரு பொறி இருக்கிறது. இத்தகைய ஆட்டங்களில் பல இலவசமாகக் கிடைப்பவை. உடைகளையும் அலங்காரங்களையும் விற்றே அவற்றை ஆக்கியவர்கள் வருவாய் ஈட்டுகிறார்கள். ஆகவே ஆடுபவர் நாள்தோறும் திரும்பி வரவேண்டும். இன்று விட்டால் இனி இல்லை என்ற எண்ணம் வந்துவிட்டால், உறக்கமும் பாடமும் பின்னுக்குப் போய்விடும். மாரியம்மன் திருவிழாவில் பலூன் சுடும் கடையைப் பார்த்திருப்பீர்கள். தேர் இழுக்கும் நாட்களில் மட்டுமே அது இருக்கும் என்பதால்தான் பிள்ளைகள் தகப்பனின் சட்டைப்பையைப் பிடித்து இழுக்கிறார்கள். ஆனால் அந்தக் கடை ஆண்டுக்கொரு முறை வந்து போய்விடும். கைப்பேசியில் ஒரு திருவிழா முடியுமுன் அடுத்த திருவிழா தொடங்கிவிடுகிறது. குறிபார்ப்பவன் தானே என்று பிள்ளை நினைக்கிறான். அவனையும் ஒருவர் தொலைவிலிருந்து குறிபார்த்துக்கொண்டிருக்கிறார் என்பதை அவனுக்கு உணர்த்த வேண்டும். மாதம் முழுதும் மலையேறிக் கொழுந்து பறிக்கும் ஒரு தாயின் சம்பளத்திலிருந்துதான் அந்தக் கைப்பேசிக்குரிய டேட்டாப் பணம் போகிறது என்பதையும் அவன் அறிய வேண்டும்.

இவற்றையெல்லாம் அன்றிரவு நான் பிரசங்கமாகச் செய்யவில்லை. "எனக்கும் சொல்லிக்கொடு" என்று மட்டும் கேட்டேன். அவன் வியப்போடு கைப்பேசியை என்னிடம் தந்தான். எனக்குக் கை நடுங்கியது. தொலைநோக்கியின் வட்டத்துக்குள் ஒரு சிறு உருவம் தெரிந்தது. "சுடுங்க தாத்தா, சுடுங்க" என்று அவன் அவசரப்படுத்தினான். நான் சுட்டேன், குண்டு பாறையில் பட்டது. மறுகணமே யாரோ என்னைச் சுட்டு வீழ்த்திவிட்டார்கள். வீடே சிரித்தது. அவனுடைய தாயும் சிரித்தாள்.

சிரிப்பு அடங்கியபின், "அந்த ஆள் யார்?" என்று கேட்டேன். "யாருக்குத் தெரியும் தாத்தா? எந்த நாட்டுக்காரனோ" என்றான். "அவனுக்கும் ஒரு தாத்தா இருப்பார் அல்லவா?" என்றேன். அவன் பதில் சொல்லவில்லை. சிறிது நேரம் கழித்து, டெவனில் இறந்தவரைப் பற்றி அவனே கேட்டான். அறிந்ததைச் சொன்னேன். அவன் கைப்பேசியைக் கவிழ்த்து வைத்துவிட்டுக் கேட்டான்.

மறுநாட் காலையில் இருவரும் ஆற்றோரமாக நடந்தோம். மரக்கறித் தோட்டத்துக்கு அருகே சேற்று நிலத்தில், எங்கள் காலடியிலிருந்து ஒரு பறவை விசுக்கென்று எழுந்து, இடமும் வலமுமாக வளைந்து பறந்து, பனிக்குள் மறைந்தது. "உள்ளான்!" என்று நான் கூவினேன். பேரன் அது போன திசையையே பார்த்து நின்றான். அவன் கை தன்னையறியாமல் சற்று உயர்ந்து, மீண்டும் தாழ்ந்தது. பின்னர் மெல்லிய குரலில், "சைபீரியாவிலிருந்தா தாத்தா இவ்வளவு தூரம் வந்திருக்கு?" என்று கேட்டான்.

தூரத்தைக் கணிக்கத் தெரிந்தவன் கேட்ட கேள்வி அது. அன்று ஞாயிற்றுக்கிழமை. அவனுடைய ஆட்டம் அன்றிரவோடு முடியவிருந்தது. மாலையில் அவன் ஒரு மணி நேரம் ஆடினான், நான் தடுக்கவில்லை. அதன்பின் கணக்குப் புத்தகத்தோடு என்னருகில் வந்து அமர்ந்தான். தொடர்ந்து படிப்பானா, அடுத்த திருவிழா தொடங்கியதும் மீண்டும் சாக்கை விரிப்பானா என்பதை நான் உறுதியாகச் சொல்ல முடியாது. ஆனால் இனி அந்த வட்டத்துக்குள் ஓர் உருவம் தெரியும்போது, என் கேள்வி ஒரு கணமாவது அவன் நினைவுக்கு வரும் என்று நம்புகிறேன்.

நேயர்களே, உங்கள் வீட்டு இஸ்தோப்பிலும் ஒரு பிள்ளை இப்படிப் படுத்திருக்கலாம். கைப்பேசியைப் பறிக்குமுன் அவன் அருகே சிறிது நேரம் அமர்ந்து பாருங்கள். அவன் என்ன அறிந்திருக்கிறான் என்பதைக் கேளுங்கள். நீங்கள் அறிந்ததைச் சொல்லுங்கள்.